கைச்சுழற்று நுட்பங்களுக்கான சொற்கள்: 'குறைசுழற்றல்', 'மிகுசுழற்றல்'

அன்பர்களுக்கு வணக்கம்.

கேமராவின் கைப்பிடியை வழக்கத்தைவிட மெதுவாகச் சுழற்றிப் படமெடுக்கும் அண்டர்கிராங்கிங் என்ற நுட்பத்துக்குத் தமிழ்ச் சொல்லாக நண்பர் ஒருவர் முன்வைத்த 'தாழ்வேகப் பதிவு' சுருக்கமாக இருந்தாலும் எனக்கு உடன்பாடில்லை. காரணத்தை 1924-இல் ஆபெல் கான்ஸ் இயக்க, மாக்ஸ் லிண்டர் நடித்த 'ஓ ஸெக்கூர்!' என்ற பிரெஞ்சு மௌனக் குறும்படத்தைக் கொண்டு விளக்குகிறேன். பேய் உலவும் கோட்டையில், உதவி கேட்டு மணியடிக்காமல், நள்ளிரவு வரை ஒரு மணி நேரம் தங்கிவிட முடியுமா என்று லிண்டரிடம் பந்தயம் கட்டுகிறார்கள். அந்த ஒரு மணி நேரத்தின் மிரட்டலையும் சிரிப்பையும் உண்டாக்க, விரைவசைவு, மெதுவசைவு, உருத்திரிபு எனக் கேமராவின் வித்தைகளைக் கான்ஸ் தாராளமாகக் கையாள்கிறார்.

இவற்றுள் விரைவசைவு பிறக்கும் விதத்தைப் பாருங்கள். அக்காலக் கேமராவின் கைப்பிடியை ஒருமுறை சுழற்றினால் பொதுவாக எட்டுச் சட்டகங்கள் (படச்சுருளின் தனித்தனிப் படங்கள்) பதிவாகும். நொடிக்கு இருமுறை சுழற்றுவது வழக்கம். ஒளிப்பதிவாளர் அதைப் பாதியாகக் குறைத்து நொடிக்கு எட்டுச் சட்டகங்களே எடுத்து, திரையில் பதினாறாக ஓட்டினால், நடப்பவர் இருமடங்கு வேகத்தில் ஓடுவார். கை தாழ, திரை விரைகிறது. ஆகவே 'தாழ்வேகம்' என்று படிக்கும் மாணவர் மெதுவசைவு என்றே பொருள் கொள்வார். கலைச்சொல் அதற்கு இடம் தரலாகாது.

எனவே வேகம் என்ற சொல்லையே தவிர்த்து, கேமராவின் செயலுக்குக் 'குறைசுழற்றல்' என்றும், அதற்கு எதிராக வழக்கத்தைவிட விரைவாகச் சுழற்றுவதற்கு 'மிகுசுழற்றல்' என்றும், திரையில் தெரியும் விளைவுக்கு 'விரைவசைவு', 'மெதுவசைவு' என்றும் வைத்துக்கொள்ளலாம். முதலிரண்டும் வினைத்தொகைகள் ஆதலால் இடையில் ஒற்று மிகாது. ('மிகைச்சுழற்றல்' என்றால் இந்த இணை கெட்டுவிடும்.) இன்றைய டிஜிட்டல் கேமராவில் கைப்பிடியே இல்லையே என்ற தடை எழலாம். பொத்தான் தொலைபேசி வந்த பிறகும் எண்ணைச் சுழற்றுங்கள் என்றுதானே சொல்லி வந்தோம்!

இவற்றிலிருந்து பிரித்தறிய வேண்டிய மூன்றாவது ஒன்றும் உண்டு. நொடிக்குப் பதினாறு சட்டகங்களாக எடுத்த படத்தை, பேசும்படங்களுக்கான திரையீட்டுக் கருவியில் இருபத்து நான்காக ஓட்டினால், எல்லாரும் ஒன்றரை மடங்கு வேகத்தில் துள்ளுகிறார்கள். மௌனப்பட நடிகர்கள் எப்போதும் அப்படித்தான் அசைந்தார்கள் என்று பலர் நம்புவதற்கு இதுவே முதன்மையான காரணம். இயக்குநர் எண்ணி அமைத்த குறைசுழற்றலை இந்தப் பழுதோடு சேர்த்து ஒரே பெயரால் அழைப்பது அக்கலைஞர்களுக்குச் செய்யும் அநீதி. இதற்குத் 'திரையீட்டு வேகப்பிறழ்வு' என்ற சொல்லை முன்மொழிகிறேன். இதைவிடக் குறுகிய சொல் கிடைத்தால் மகிழ்ச்சியுடன் ஏற்பேன். 'பிறழ்வு' என்ற பகுதியை மட்டும் விட்டுவிட வேண்டாம்.