கன்னட நடிகர் டாக்டர் ராஜ்குமார்: உங்க வாழ்க்கையில அவர் எங்க வந்தாரு? அனுபவத்த எழுதுங்க

தாளவாடிக்காரன்:
எங்க தாளவாடி பக்கத்துல இருக்கிற காஜனூர் தான் அவரோட சொந்த ஊரு. ஈரோடு மாவட்டம்ங்க, இது தமிழ்நாட்டுலயே நிறைய பேருக்கு தெரியாது. 2000 ஜூலை 30 ராத்திரி அந்த ஊர் வீட்லருந்து தான் வீரப்பன் அவர காட்டுக்கு கூட்டிட்டு போனான், அப்போ நான் ஸ்கூல் பையன், 108 நாள் கழிச்சு அவர் வெளிய வர்ற வரைக்கும் எங்க பாட்டி தினமும் மாதேஸ்வரனுக்கு விளக்கு வெச்சு வேண்டிக்கிட்டே இருந்துச்சு, சொந்த அண்ணன் காணாம போன மாதிரி.

ஸ்ரீராமபுரம் தமிழ்ப்பையன்:
பெங்களூர்ல அந்த 108 நாளும் தமிழ் பேசுறவங்களுக்கெல்லாம் உள்ளுக்குள்ள பயம் தான். ஆனா எங்க வீட்ல யாருக்கும் அவர் மேல ஒரு துளி வருத்தம் கிடையாது, காரணம் அந்த குரல். 20 வருஷமா பி.பி.ஸ்ரீனிவாஸ் தான் அவருக்கு பாடிட்டு இருந்தாரு. 1974ல 'சம்பத்திகே சவால்' படத்துல எருமை மேல உக்காந்து வர்ற பாட்டுக்கு இசையமைப்பாளர் ஜி.கே.வெங்கடேஷ் இவரையே பாட வெச்சாரு, அதுக்கப்புறம் தன் பாட்ட தானே பாட ஆரம்பிச்சவர் 'ஜீவன சைத்ர' பாட்டுக்கு தேசிய விருதே வாங்கிட்டாரு, 45 வயசுல ஒரு மனுஷன் இப்படி புதுசா ஆரம்பிக்கறது எவ்ளோ பெரிய விஷயம். இப்பவும் கர்நாடகா உருவான நாளான நவம்பர் 1 வந்தா எங்க ஆட்டோ ஸ்டாண்ட்ல மஞ்ச சிவப்பு கன்னடக் கொடி ஏத்தி ஸ்பீக்கர் கட்டி 'ஆகஸ்மிகா' படத்து 'ஹுட்டிதரே' பாட்டு தான் மொதல்ல போடுவாங்க, தமிழ், தெலுங்கு, உருது பேசுற டிரைவருங்க எல்லாரும் சேர்ந்து கத்தி பாடுவாங்க.

மைசூர் ரோடு அக்கா:
எங்க அப்பா அவரோட வெறித்தனமான ஃபேன். 1994ல பெங்களூர் நாராயணா நேத்ராலயா கண் ஆஸ்பத்திரியில அவர் பேர்ல கண் வங்கி ஆரம்பிச்சப்போ அவரே கண்தானத்துக்கு கையெழுத்து போட்டாரு, 2006 ஏப்ரல் 12 அவர் போனப்போ சொன்ன மாதிரியே கண்ண எடுத்தாங்க. அன்னைலருந்து அப்பா எங்கள நச்சரிச்சிட்டே இருந்தாரு, எனக்கும் அதே மாதிரி பண்ணணும்னு. அப்பா போன அன்னிக்கு அழுதுகிட்டே தான் கண் வங்கிக்கு போன் பண்ணேன், அவங்க பொறுமையா சொன்னாங்க, ஃபேன ஆஃப் பண்ணுங்க, இமைய மூடி ஈரப்பஞ்சு வைங்க, தலைக்கு கீழ தலகாணி வெச்சு கொஞ்சம் தூக்கி விடுங்கனு. ஆறு மணி நேரத்துக்குள்ள எடுத்தா போதும்ங்கறாங்க. டீம் வீட்டுக்கே வந்து அரை மணி நேரத்துல முடிச்சிட்டாங்க, முகம் கொஞ்சங்கூட மாறல, பாக்க வந்த சொந்தக்காரங்க யாருக்கும் வித்தியாசமே தெரியல. 2021ல ராஜ்குமார் பையன், நடிகர் புனீத் போனப்போ அவர் கண்ணால நாலு பேருக்கு பார்வை கிடைச்சுது இல்ல, அப்புறம் எங்க தெருவுலயே வரிசையா ஃபார்ம் கேட்டு வந்தாங்க, பாதி பேர் காலேஜ் பசங்க. ஃபார்ம் போடறவங்க வீட்ல எல்லார்கிட்டயும் சொல்லி வைங்க, அந்த நேரத்துல போன் பண்ண வேண்டியது அவங்க தானே.