டிரான்ஸ்ஃபர் ஆன ஊர்ல ஜாயின் பண்ணலன்னு டிஸ்மிஸ், கோர்ட்டுக்குப் போனா நிக்குமா?

கோத்தகிரி தம்பி:
வணக்கம்ங்க. எங்கண்ணன் குன்னூர்ல ஒரு கவர்மென்ட் ஆபீஸ்ல அசிஸ்டென்ட், 14 வருஷ சர்வீஸ். போன வருஷம் ஜூலைல திடீர்னு நிர்வாக நலன் கருதின்னு ராமநாதபுரத்துக்குத் தூக்கிட்டாங்க. அம்மா படுத்த படுக்கை, அதனால ரத்து பண்ணச் சொல்லி மேல மனு குடுத்துட்டு, பதில் வர்ற வரைக்கும் போக வேண்டியதில்லன்னு மெடிக்கல் லீவ் எழுதிப் போட்டுட்டு கோத்தகிரி வீட்லயே உக்காந்துட்டார். ரிலீவிங் ஆர்டர கைல வாங்கல, ஆபீஸ்லருந்து ஆள் வந்து கதவுல ஒட்டிட்டுப் போனாங்க, அன்னிக்குப் பேஞ்ச மழைல பாதி பேப்பர் கிழிஞ்சு தொங்குச்சு. அப்புறம் 17பி, அதாவது பெரிய தண்டனைக்கான குற்றச்சாட்டு மெமோ போட்டு, இவர் இல்லாமலே விசாரணைய முடிச்சு, போன மாசம் டிஸ்மிஸ். மதுரைல கேஸ் போடுன்னு ஒருத்தர், சென்னைலன்னு ஒருத்தர். என்னங்க பண்றது?

ஊட்டி ரிட்டயர்டு சூப்பிரண்டு:
தம்பி, கோவிச்சுக்காதீங்க. மனு குடுத்தாச்சு, இனி போக வேண்டாம்னு நினைக்கறதுலதான் நம்மாளுங்க பாதிப் பேர் மாட்டறாங்க. குஜராத் மின்வாரியத்துல சூரத்லருந்து உகாய்க்கு மாத்தினப்ப ஒருத்தர் இதே மாதிரி மனு போட்டுட்டுப் போகாம இருந்தார், வேலையவிட்டு அனுப்பினாங்க, 1989ல சுப்ரீம் கோர்ட் அனுப்பினது சரின்னுடுச்சு. ஸ்டே இல்லாட்டி போய் ஜாயின் பண்ணிட்டுத்தான் சண்டை போடணும். கீழ சமவெளில இருக்கறவன மலைல பந்தலூருக்கு மாத்தினா தண்டனைங்கறான், பந்தலூர்க்காரன கீழ மாத்தினாலும் அதேதான் சொல்றான், நானும் 30 வருஷமா பாத்தாச்சு.

கொடைக்கானல் வக்கீல்:
சார் சொல்றது டிரான்ஸ்ஃபர் ஆர்டருக்குச் சரி. அத உடைக்கறது கஷ்டம், உள்நோக்கமோ விதிமீறலோ இருந்தாத்தான் கோர்ட் தலையிடும், 1991 ஷில்பி போஸ், 1993 அப்பாஸ் ரெண்டு தீர்ப்புலயும் அதான். ஆனா டிஸ்மிஸ் வேற விஷயம். அரசியல் சட்டம் 311(2) படி குற்றச்சாட்ட சொல்லி, பதில் சொல்ல நியாயமான வாய்ப்பு குடுத்துத்தான் அனுப்ப முடியும். வேலைக்கு வரலங்கறது மட்டும் பத்தாது, வேணும்னே வரலன்னு நிரூபிக்கணும்னு 2012ல கிருஷ்ணகாந்த் பர்மார் கேஸ்ல சொல்லிருக்காங்க, அம்மா மெடிக்கல் பேப்பர் எல்லாம் பத்திரமா இருக்கட்டும். முதல்ல டிபார்ட்மென்ட் அப்பீல் போடுங்க, நாள் தவற விடாதீங்க. கோர்ட்டுன்னு வந்தா நீலகிரி சென்னை ஹைகோர்ட்தான், எங்க கொடைக்கானல் மாதிரி திண்டுக்கல் மாவட்டம்னாதான் மதுரை கிளை. ஆர்டர்ல ரிமூவலா டிஸ்மிஸலான்னும் பாருங்க, டிஸ்மிஸல்னா பொதுவா திரும்ப அரசு வேலையே கிடையாது. ஒண்ணு கேக்கறேன், 17பி மெமோ எந்த அட்ரஸுக்குப் போச்சு?

கோத்தகிரி தம்பி:
டிஸ்மிஸ்னுதான் போட்டிருக்கு. மெமோவ குன்னூர் குவார்ட்டர்ஸுக்கு ரிஜிஸ்டர் தபால்ல அனுப்பினதாவும், ஆள் இல்லன்னு கவர் திரும்பி வந்ததாவும் அந்த ஆர்டர்லயே இருக்கு. அந்த குவார்ட்டர்ஸ அவர் ஏற்கனவே காலி பண்ணிட்டாருங்க. லீவ் லெட்டர்ல கோத்தகிரி அட்ரஸ்தான் எழுதிருக்கார்.

கொடைக்கானல் வக்கீல்:
அப்ப கேஸ் இங்கதான் இருக்கு. ரிலீவிங் ஆர்டர ஒட்டறதுக்கு கோத்தகிரி வீடு தெரிஞ்சிருக்கு, வேலையே போற மெமோவுக்கு மட்டும் தெரியலயாமா? ரமேஷ் சந்திர தியாகின்னு ஒரு விஞ்ஞானி, அவரும் மாத்தின இடத்துல சேரலன்னுதான் டிஸ்மிஸ் ஆனார், சார்ஜ் ஷீட் கவர் ஆள் இல்லன்னு திரும்பினத சார்வு பண்ணினதா, அதாவது அவர் கைல முறையா சேர்த்ததா எடுத்துக்க முடியாதுன்னு 1994ல சுப்ரீம் கோர்ட் சொல்லிடுச்சு. ஆனா ரொம்ப ஆசைப்படாதீங்க, விசாரணைல குறைன்னா பெரும்பாலும் மறுபடி முறையா விசாரின்னுதான் திருப்பி அனுப்புவாங்க, பழைய சம்பளம் வருமாங்கறதெல்லாம் அப்புறம்.

ஊட்டி ரிட்டயர்டு சூப்பிரண்டு:
அட, இது நான் கவனிக்கலயே. ஆர்டிஐ போட்டு ஃபைல் நகல், தபால் ரிஜிஸ்டர், திரும்பின கவர் எல்லாம் வாங்குங்க. முக்கியமா அப்பீல்லயே ராமநாதபுரம் போய் சேரத் தயார்னு எழுதிடுங்க, ஜட்ஜ் அதத்தான் முதல்ல கேப்பார்.

கோத்தகிரி தம்பி:
ரொம்ப நன்றிங்க. இப்பதான் அண்ணன்கிட்ட சொன்னேன், அந்த வெயில்ல எப்படிடான்னு ஆரம்பிச்சார். அம்மாவ நான் பாத்துக்கறேன், எழுதிக் குடுங்கன்னு அண்ணி பேனாவ எடுத்து வச்சிட்டாங்க.