1903 ஊமைப்படம் ரொம்ப வேகமா ஓடுது, யாராச்சும் உதவுங்க

ஞாயித்துக்கிழமை நண்பர்களுக்கு ஜி.ஏ. ஸ்மித் எடுத்த மேரி ஜேன்ஸ் மிஸ்ஹாப் போட்டுக் காட்டணும், இங்கிலாந்துல ஹோவ்ல எடுத்தது, மேரி ஜேன்ங்கிற வேலைக்காரப் பொண்ணு அடுப்புல மண்ணெண்ணெய் ஊத்தி வெடிச்சு புகைக்கூண்டு வழியா பறந்து போவாளே அதான்.

சுமார் 4 நிமிஷப் படம், என்கிட்ட இருக்கிற எம்பி4 ஃபைல்ல 2 நிமிஷம் 35 செகண்ட்லயே முடிஞ்சிடுது. அப்போ கேமராவ கையால சுத்தினதால செகண்டுக்கு ஏறக்குறைய 16 ஃப்ரேம் தான், இது 25ல ஓடுது. மேரி ஜேனா நடிச்ச லாரா பேய்லி மூஞ்சில மீசை மாதிரி ஷூ பாலிஷ பூசிட்டு நம்மள பாத்து கண்ணடிக்கிற இடம்தான் படத்தோட உயிரே, அது கண்ணுலயே படல!

கம்ப்யூட்டர்ல விஎல்சி வீடியோ ப்ளேயர்ல 0.64 ஸ்பீடு வச்சா அருமையா இருக்கு, ஆனா ப்ரொஜெக்டர் பென்டிரைவ்ல இருந்து நேரா ஓட்டுது, அதுல ஸ்பீடு மாத்த வழியில்ல. எடிட்டிங் சாஃப்ட்வேர்ல 64% போட்டு எக்ஸ்போர்ட் பண்ணா ஃப்ரேம் ஒண்ணோட ஒண்ணு கலந்து நிழல் அடிக்குது (கடைசில வர்ற பேய் முதல்லயே வந்துட்டா எப்படி). ஆப்டிகல் ஃப்ளோ (நடுவுல வர்ற ஃப்ரேம சாஃப்ட்வேரே புதுசா உருவாக்குற வசதி) போட்டா கை கால் ரப்பர் மாதிரி இழுக்குது. விண்டோஸ் 11, 8 ஜிபி ராம், மூணு நாளா இதே வேலை.

ப்ரொஜெக்டர் 25 ஃப்ரேம் ஃபைல் மட்டும்தான் எடுக்கும்னா, ஃப்ரேம கலக்காம 16 வேகத்துல தெரியிற மாதிரி எப்படி எக்ஸ்போர்ட் பண்றது?