தாத்தா சைட்டும் மூன்றடிச் சுவரும்

வாட்ஸ்அப் குழு: அல்சூர் வீடு (பெங்களூரு)

பெரியப்பா, காலை 7:12
எல்லோரும் படியுங்கள். ராமமூர்த்தி நகர் சைட்டில் காவலுக்கு இருக்கும் பெரியவர் அங்கே வந்து 18 வருடம் ஆகிறது. 12 வருடம் ஒருவர் இருந்துவிட்டால் இடம் அவருக்கே சொந்தமாகிவிடுமாம், வாக்கிங்கில் ஒருவர் சொன்னார். ராத்திரி முழுக்கத் தூக்கமில்லை. அவரை உடனே காலி செய்யச் சொல்ல வேண்டும்.

சித்தி, 7:20
ஐயோ! மாமா வாயைக் கட்டி வயிற்றைக் கட்டி வாங்கிய இடம்.

சித்தப்பா, 7:24
மாநகராட்சிப் பதிவான காத்தா நம் பெயரில் இருக்கிறது. வரியும் நாம்தான் கட்டுகிறோம். என்ன பயம்?

வக்கீல் அக்கா, 8:05
பெரியப்பா, பெரியவரிடம் தயவுசெய்து ஒன்றும் சொல்லிவிடாதீர்கள். அவரைக் குடிவைத்ததே தாத்தா. நாம் இருக்கச் சொல்லி இருப்பவருக்கு எத்தனை வருடமானாலும் இடம் சொந்தமாகாது. பார்த்துக்கொள்ள விடப்பட்டவருக்கு உரிமை வராது என்று 2012-ல் கோவா வீடு ஒன்றின் வழக்கில் உச்ச நீதிமன்றமே சொல்லியிருக்கிறது.

12 வருடக் கணக்கு வேறு ஆளுக்கு. நம் அனுமதி இல்லாமல், ஊரறிய, இது என்னுடையது என்று இடைவிடாமல் வைத்திருப்பவருக்கு. இதைத்தான் எதிரிடை அனுபவம் என்கிறோம். அரசு நிலமென்றால் 30 வருடம்.

பெரியப்பா, 8:11
சரிம்மா. இப்போதுதான் மூச்சு வந்தது.

நான், மதியம் 12:50
சைட்டில் இருக்கிறேன். பெரியவர் என்னிடம் கேட்டது இதுதான்: "பக்கத்து வீட்டுச் சுவர் உள்ளே வந்திருக்கிறதே, உங்கள் வீட்டில் யாருமே கேட்கவில்லையே தம்பி?" டேப் வைத்து அளந்தோம். 30 அடி இருக்க வேண்டிய இடத்தில் 27தான் இருக்கிறது. 40 அடி நீளத்துக்கும் அப்படியே.

அத்தை, 1:02
அந்தச் சுவர் 2015 தை மாதம் எழும்பியது. என் பேத்திக்கு முதல் பொங்கல், அதனால் மறக்கவில்லை. அப்பா அப்போது படுக்கையில். அவரிடம் சொல்ல மனம் வரவில்லை. அப்புறம் உங்களிடமும் சொல்லாமல் விட்டுவிட்டேன்.

வக்கீல் அக்கா, 1:40
அத்தை, நீங்கள் தேதி சொன்னதே பெரிய உதவி. பயப்பட வேண்டியது இதற்குத்தான். வழக்குக்குக் கால வரம்பு வைக்கும் 1963 லிமிடேஷன் சட்டப்படி 12 வருடத்துக்குள் வழக்குப் போட வேண்டும். 2027 தையைத் தாண்டினால், அந்த 120 சதுர அடியில் நம் உரிமையே அழிந்துவிட்டது என்று பக்கத்து வீட்டுக்காரர் வாதாடலாம். வழக்கு வந்தால் தற்காப்பாக மட்டும் அல்ல, அவரே வழக்குப் போட்டும் கேட்கலாம் என்று 2019-ல் உச்ச நீதிமன்றத்தின் மூன்று நீதிபதிகள் தீர்ப்பு சொல்லியிருக்கிறார்கள்.

சித்தப்பா, காத்தா என்பது வரிக் கணக்கு. அது உரிமைப் பத்திரம் ஆகாது. வரி கட்டுவதால் மட்டும் நாள் ஓடுவது நிற்காது.

நான், 1:44
நோட்டீஸ் அனுப்பினால்?

வக்கீல் அக்கா, 1:47
நோட்டீஸாலும் நிற்காது. வழக்குத் தாக்கலாகும் நாள்தான் கணக்கு. கிரயப் பத்திரம் நம்மிடம் இருக்கிறது, 12 வருடத்தை நிரூபிக்க வேண்டியது அவர் பொறுப்பு. ஆனாலும் அதுவரை போக விடக்கூடாது. முதலில் சர்வேயரை வைத்து அளப்போம், பேசிப் பார்ப்போம். அளவு தெரியாமல்கூடக் கட்டியிருப்பார்.

பெரியப்பா, 2:15
சனிக்கிழமை நானே வருகிறேன். பெரியவரை முதலில் பார்க்க வேண்டும். காலையில் அப்படி எழுதியது மனதை அறுக்கிறது.

அத்தை, 2:31
பத்திரம் என் பீரோவில்தான் இருக்கிறது. நான்கு பக்க அளவும் அதில் எழுதியிருக்கிறது. கொண்டு வருகிறேன்.