புதுப்பிப்பு: பாடும் காற்றாடிக் கோபுரம்

என் கற்பனை உலகின் மலை முகட்டில் சுழன்றுகொண்டே பாடும் ஒரு சிற்பம் வேண்டும், மந்திரம் இல்லாமல் அது எப்படிப் பாடும் என்று முன்பு கேட்டிருந்தேன். குழாய் வைக்கச் சொன்னவர்கள்தான் அதிகம். அது நல்ல யோசனைதான். இங்கிலாந்தின் பர்ன்லி அருகே 2006-இல் நிறுவிய எஃகுக் குழாய் மரம் காற்றில் ஒலிக்கிறது. குரோவேஷியாவின் ஸாதர் கடற்கரையில் 2005 முதல் 35 குழாய்களை அலைகளே வாசிக்கின்றன.

ஆனாலும் நான் கம்பிக்கு மாறிவிட்டேன். கம்பியைக் கடக்கும் காற்று அதன் பின்னால் இருபுறமும் மாறி மாறிச் சுழிகளை உதிர்க்கும். காற்றின் வேகத்தைக் கம்பியின் விட்டத்தால் வகுத்து 0.2-ஆல் பெருக்கினால் அதிர்வெண் ஏறத்தாழக் கிடைத்துவிடும். நொடிக்கு 10 மீட்டர் காற்றில் 2 மி.மீ. கம்பி சுமார் 1000 ஹெர்ட்ஸில் கீச்சிடும், 10 மி.மீ. கம்பி 200 ஹெர்ட்ஸில் முனகும். அப்புறம், இந்தச் சுழிகள் கம்பியின் இயல்பான அதிர்வோடு ஒத்துப்போகும்போதுதான் ஓசை பலமாக எழும்.

எனக்கு ரொம்பப் பிடித்தது இதுதான்: கம்பி கட்டிய கை காற்றை எதிர்த்து வரும்போது சுருதி ஏறும், காற்றோடு போகும்போது இறங்கும். ஒவ்வொரு சுற்றும் ஓர் ஆரோகணம், ஓர் அவரோகணம்! சுழற்சி இல்லாவிட்டால் இந்தப் பாட்டே இல்லை.

கதையில் அந்த ஊர் மீனவர்கள் சுருதியைக் கேட்டே புயலைக் கணிக்கிறார்கள். இனி அச்சுத்தண்டை வரைய வேண்டும். பேரிங் தெரியாத காலத்தில் இவ்வளவு பாரம் எதன்மேல் சுழலும்? மரமா, கல்லா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.