கும்பளங்கி நைட்ஸ் படத்துல வர்ற சஜி மாதிரி நம்ம வீட்டு ஆம்பளைங்க வாய் திறப்பாங்களா?

மன்னார்குடி_வடகரை:
போன தை மாசம் சம்பா அறுப்பு நடந்துக்கிட்டு இருக்கறப்ப அப்பா தவறிட்டார். அண்ணன் அன்னிலேர்ந்து ஒரு சொட்டு கண்ணீர் விடல, கருமாதி அன்னிக்கு மொட்டை போட்டுட்டு படித்துறைல உக்காந்திருந்தப்பகூட பந்தல்காரனுக்கு எவ்ளோ பாக்கின்னு கணக்கு பாத்துக்கிட்டு இருந்தான், சொந்தக்காரங்கல்லாம் மூத்தவன்னா இப்படி இருக்கணும்னு பாராட்டுனாங்க. அப்புறம் மோட்டார் தண்ணி முறைல ஒரு பேச்சு வந்து ரெண்டு பேருக்கும் பேச்சுவார்த்தையே இல்ல. போன வாரம்தான் கும்பளங்கி நைட்ஸ் பாத்தேன், 2019ல வந்த மலையாளப் படம். சௌபின் நடிச்ச சஜி, தம்பிகிட்ட போய் எனக்கு அழுகையே வரலடா, என்ன ஒரு டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போறியானு கேக்கறான். அப்புறம் அந்த டாக்டர் மேல சாஞ்சு ஏங்கி ஏங்கி அழறான். நான் அதோட நிறுத்திட்டு திண்ணைல போய் உக்காந்துட்டேன். இது சினிமால மட்டும்தான் நடக்குமா, உங்க வீட்ல யாராவது இப்படி கேட்டிருக்காங்களா? அண்ணனுக்கு எந்த படத்த காட்டலாம்?

திருவையாறு_கரை:
ஜோஜின்னு ஒரு மலையாளப் படம் இருக்கு, அத மட்டும் இப்ப காட்டாதீங்க. அதுல வர்ற அப்பா குட்டப்பன் குளத்து சேத்துல மாட்டுன பம்பு ஃபுட்வால்வ வயசான காலத்துல ஒத்தையா இழுத்துத்தான் பக்கவாதத்துல விழுவார். மூணு புள்ளைங்களும் அவருக்கு பயந்து வளந்தவங்க, ஒருத்தனுக்கும் அவர்கிட்ட மனசு விட்டு பேசத் தெரியாது, சொத்து அவர் கைல இருக்கறவரைக்கும் அவனுங்க யாரும் பெரிய ஆளே இல்ல. எங்கப்பாவும் போர்செட்ட வேற யாரையும் தொட விடமாட்டார். எனக்கு நாப்பது வயசாச்சு, இன்னும் அவர் முன்னாடி சேர்ல உக்காந்தது கெடையாது. எங்க வீட்ல யாரும் அப்படி கேட்டதில்ல, உண்மைய சொல்லிடறேன்.

கும்மோணம்_அக்கா:
தம்பி, நானும் அந்த எடத்துல அழுதேன். ஆனா சஜி எதனால அந்த நெலமைக்கு வந்தான்னு பாத்தீங்களா? அவன் தூக்கு மாட்டிக்கப் போனப்ப காப்பாத்த வந்த முருகன் செத்துப் போறான், நம்மூர்லேர்ந்து அங்க போய் துணி தேச்சு பொழைச்ச ஆளு, அவன்கிட்ட காசு புடுங்கித்தான் சஜி காலத்த ஓட்டிக்கிட்டு இருந்தான். ஒருத்தன் மனுசனாகறதுக்கு ஒரு தமிழ்க் கூலிக்காரன் உசுரு போகணுமா, அவன் பொண்டாட்டி கைக்கொழந்தையோட அந்த கதவில்லாத வீட்டுக்கு வரணுமா? கேரளாவுக்கு வேலைக்குப் போன குடும்பம் எங்க தெருவுலயே இருக்கு, அதான் எனக்கு மனசு ஆறல. அதே படத்துல ஃபகத் ஃபாசில் நடிச்ச ஷம்மி கேரக்டர எல்லாரும் வில்லன்னு ஈசியா சொல்றாங்க. மீசைய ஒதுக்கிக்கிட்டு, மாமியார் வீட்டு சாப்பாட்டு மேசைல தலைமாட்டு சேர்ல போய் உக்காருவானே, அந்த மாதிரி மாப்பிள்ளைய நம்ம ஊர்ல தங்கமான பையன்னுதான சொல்றோம்?

தஞ்சை_மேலவீதி:
அக்கா சொல்றது சரி, முருகன பத்தி நான் யோசிச்சதே இல்ல. காதல் தி கோர் பாருங்க, 2023ல வந்த மலையாளப் படம், மம்மூட்டி நடிச்சது. ஒரே வீட்ல அப்பனும் மகனும் மகனுக்கு ஆம்பளைங்க மேலதான் ஈர்ப்புங்கற விசயத்த இருபது வருசமா பேசாமலே இருக்காங்க, மகனப் பத்தி தெரிஞ்சேதான் கல்யாணம் பண்ணி வச்சேன்னு அந்த அப்பா கடைசில ஒத்துக்கறார். எனக்கு சஜிய விட இதான் வலிச்சுது. இன்னொன்னு, அண்ணன் தூங்காம சாப்பிடாம இருந்தா படத்தோட நிறுத்தாதீங்க, தஞ்சாவூர் மெடிக்கல் ஆஸ்பத்திரில மனநலத்துக்கு தனி பிரிவு இருக்கு, நீங்களே கூட போங்க. நான் போயிருக்கேன், யாரும் ஒரு மாதிரி பாக்கல.

மன்னார்குடி_வடகரை:
அக்கா, முருகன் விசயம் நெஞ்சுலயே நிக்குது. அண்ணனுக்கு கும்பளங்கியே காட்டலாம்னு இருக்கேன். அவனுக்கு மலையாளம் புரியாது, சப்டைட்டில் இங்கிலீஷ்ல ஓடும், அதுவும் அவனுக்கு படிக்க வராது, அதனால பக்கத்துல உக்காந்து ஒவ்வொரு வசனமா நாந்தான் சொல்லணும். சஜி டாக்டர்கிட்ட கூட்டிட்டுப் போக சொல்ற எடத்தையும் என் வாயால அவன்கிட்ட சொல்லணும். சனிக்கெழம சாயங்காலம் மோட்டார் கொட்டாய்க்கு ஃபோன எடுத்துக்கிட்டுப் போறேன்.