அட்சார்ப்ஷன்: கவர்தலா, உறிஞ்சலா, ஒட்டியெடுப்பா?

நண்பர்களுக்கு வணக்கம்.

நாம் தமிழில் தொகுக்கும் குருதி வங்கிச் சொற்பட்டியலில் அட்சார்ப்ஷன் (adsorption, ஒன்று மற்றொன்றின் மேற்பரப்பில் ஒட்டிக்கொள்வது) என்ற இடத்தில் வந்து எல்லாரும் நின்றுவிட்டோம். வேதியியல் பாடநூலில் இருக்கும் பரப்புக் கவர்தல், ஈழத்துப் பாடநூல்களில் வழங்கும் புறத்துறிஞ்சல், அப்புறம் சுருக்கமாகப் புறப்பற்று என்று மூன்று முன்மொழிவுகள் வந்திருக்கின்றன. மூன்றையும் வேலை மேசையில் வைத்துச் சொல்லிப் பார்த்தேன். மூன்றும் எங்கோ ஓரிடத்தில் இடறுகின்றன. எங்கே என்று சொல்வதற்கு முன் அந்த வேலையையே சொல்லிவிடுகிறேன். இங்கே மொழியும் வேதியியலும் தெரிந்தவர்கள் அதிகம். குருதி வங்கிக்குள் போயிராதவர்களும் இருப்பீர்கள்.

ரத்தம் ஏற்றுவதற்கு முன், பிறருடைய சிவப்பணுக்களைத் தாக்கும் எதிர்ப்பொருள் ஏதாவது நோயாளியின் பிளாஸ்மாவில் இருக்கிறதா என்று பார்க்கிறோம். இருந்தால் அது எது என்று கண்டுபிடிக்க வேண்டும். எந்தெந்த ஆன்டிஜென் (எதிர்ப்பொருள் போய் ஒட்டும், செல்லின் மேற்பரப்பிலுள்ள அடையாளம்) உண்டு, எது இல்லை என்று முன்பே தெரிந்த ஓ வகைச் செல்களை, பெரும்பாலும் 11 பேருடையதை, வரிசையாக வைத்து ஒவ்வொன்றோடும் பிளாஸ்மாவைக் கலப்போம். 1945இல் கூம்ஸ், மூரண்ட், ரேஸ் மூவரும் எழுதிய, செல் மேல் ஒட்டிய எதிர்ப்பொருளைத் திரளாகக் காட்டும் ஆன்டிகுளோபுலின் சோதனைதான் இன்றும் இதற்கு அடிப்படை. எது திரண்டது, எது திரளவில்லை என்ற வரிசையைப் பார்த்து, இது கெல் எதிர்ப்பொருள், இது பெரிய ஈ எதிர்ப்பொருள் என்று, அது தாக்கும் ஆன்டிஜெனின் பெயராலேயே சொல்கிறோம்.

தன் செல்லையே தாக்கும் எதிர்ப்பொருள் உள்ள நோயாளியிடம் இந்த வழி செல்லாது. அவருடைய பிளாஸ்மா 11 செல்களையும் திரட்டிவிடும், அவருடைய சொந்தச் செல்லையும் விடாது. எல்லாக் கட்டத்திலும் ஒரே விடை வந்தால் எதை வைத்துப் பிரிப்பது? முன்பு ஏற்றிய ரத்தத்தாலோ கர்ப்பத்தாலோ உண்டான அயல் எதிர்ப்பொருள் ஒன்று அதற்கு அடியில் மறைந்திருக்கலாம். உடல் வெப்பத்தில் வேலை செய்யும் தன்னெதிர்ப்பொருளால் வரும் வெப்பவகைத் தன்னெதிர்ப்பு ரத்தச்சோகை உள்ளவர்களில் சுமார் மூன்றில் ஒருவரிடம் அப்படி மறைந்திருப்பதாக ஆய்வுகளைச் சேர்த்துப் பார்த்தவர்கள் எழுதியிருக்கிறார்கள். அதைத் தவறவிட்டு ரத்தம் ஏற்றினால், ஏற்றிய செல்களும் உடையும். உடைவது நோயாலா, ஏற்றிய ரத்தத்தாலா என்பதே அப்புறம் விளங்காது.

அதனால் மேலே மூடிக்கிடக்கும் தன்னெதிர்ப்பொருளை முதலில் அகற்ற வேண்டும். அதற்குத்தான் அட்சார்ப்ஷன். நோயாளியின் சிவப்பணுக்களை உப்புநீரில் நன்றாகக் கழுவி, ஏற்கெனவே அவற்றின் மேல் அப்பியிருக்கும் எதிர்ப்பொருளை மருந்திட்டு நீக்கி, பப்பெயின் போன்ற நொதியால் பதப்படுத்தி, அழுத்தமாகச் சுழற்றி நீரை வடித்துவிடுவோம். அடியில் நிற்கும் கெட்டிச் செல்லின் மேல் அதே அளவு பிளாஸ்மாவை விட்டு, 37 டிகிரியில் அரை மணியிலிருந்து ஒரு மணி நேரம் வைப்போம். நடுநடுவே குழாயை மெல்லப் புரட்டிவிட வேண்டும். இல்லாவிட்டால் செல் அடியில் படிந்து கிடக்கும், பிளாஸ்மா மேலே சும்மா நிற்கும். பிறகு மீண்டும் சுழற்றினால் எதிர்ப்பொருள் செல்லோடு ஒட்டி அடிக்குப் போய்விடும். மேலே நிற்கும் தெளிந்த பிளாஸ்மாவை எடுத்து, அதைத்தான் அந்த 11 செல்களோடு சோதிக்கிறோம். அதற்கு முன் ஒட்டவைக்கப் பயன்பட்ட அதே செல்லோடு ஒருமுறை கலந்து பார்ப்போம். அதுவும் திரண்டால் இன்னும் மிச்சம் இருக்கிறது என்று பொருள். புதிய செல்லை எடுத்து மறுபடி செய்ய வேண்டியதுதான்.

இனி சொல்லுக்கு வருகிறேன்.

அப்சார்ப்ஷன், அட்சார்ப்ஷன் என்ற வேறுபாட்டை 1881இல் ஜெர்மன் இயற்பியலாளர் ஹைன்ரிஷ் கைசர் ஒரு முன்னொட்டை மாற்றி வழக்குக்குக் கொண்டுவந்தார். ஈழத்தவர்கள் அதை அகத்துறிஞ்சல், புறத்துறிஞ்சல் என்று அகமும் புறமும் வைத்துப் பிரித்தது அழகான வேலை. வேதியியலுக்கு அதைவிடப் பொருத்தமாக என்னால் யோசிக்க முடியவில்லை. ஆனால் உறிஞ்சல் என்ற சொல் தன் வழக்கமான பொருளைக் கையோடு கொண்டுவந்துவிடுகிறது. உறிஞ்சினால் உள்ளே போகும், போனது உள்ளேதான் இருக்கும் என்று மனம் எடுத்துக்கொள்கிறது. முன்னால் நிற்கும் 'புறத்து' அதைத் தடுப்பதில்லை.

இதை நான் கண்ணால் பார்த்தேன். சில ஆண்டுகளுக்கு முன் ஓர் ஆய்வகத்தில் பயிற்சி கொடுத்தபோது, செல் எதிர்ப்பொருளை உறிஞ்சிக்கொள்ளும் என்று நான்தான் சொல்லிக்கொடுத்தேன். சுழற்றி முடித்ததும், பயிற்சிக்கு வந்திருந்த பெண் ஒருவர் மேலே நின்ற பிளாஸ்மாவைக் கழிவுக் குவளையில் ஊற்றிவிட்டு, அடிச் செல்லை என்னிடம் பத்திரமாக நீட்டினார். வேண்டியது செல்லுக்குள் போய்விட்டது என்றால் மேலே நிற்பது வெறும் நீர்தானே என்று அவருக்குத் தோன்றியிருக்கிறது. தவறு அவருடையது இல்லை, என் சொல்லுடையது. ஏற்கெனவே ரத்தம் குறைந்து சோர்ந்து கிடந்த ஒரு நோயாளியிடம் போய் மறுபடியும் ஒரு குழாய் ரத்தம் எடுக்க வேண்டிவந்தது. அந்த நடை எனக்கு இன்னும் நினைவில் இருக்கிறது.

பரப்புக் கவர்தல் பற்றி. கரித்தூள் சாயத்தைக் கவர்கிறது, சிலிக்கா ஜெல் ஈரத்தைக் கவர்கிறது என்று எழுதலாம். கரித்தூள் பெரிதாகத் தேர்வு செய்யாமல் எதிரே வருவதில் பலவற்றை இழுத்து வைத்துக்கொள்ளும். இங்கே நடப்பது அதற்கு நேர்மாறு. எது ஒட்டும், எது ஒட்டாது என்று முன்பே கணக்குப் போட்டுச் செல்லைத் தேர்ந்தெடுக்கிறோம். நோயாளிக்கு மூன்று மாதத்துக்குள் ரத்தம் ஏற்றியிருந்தால் அவருடைய செல்லையே பயன்படுத்த முடியாது. உடலில் சுற்றும் கொடையாளர் செல்கள் கலந்திருக்கும், நாம் தேடும் அயல் எதிர்ப்பொருளை அவை பிடித்துக்கொண்டு போய்விடும். அப்போது தெரிந்த ஆன்டிஜென் கொண்ட மூன்று கொடையாளர்களின் செல்லைத் தனித்தனிக் குழாயில் வைப்போம். நோயாளியிடம் பெரிய ஈ எதிர்ப்பொருள் மறைந்திருக்கிறது என்று வைத்துக்கொள்ளுங்கள். பெரிய ஈ உள்ள செல் போட்ட குழாயில் அது தன்னெதிர்ப்பொருளோடு சேர்ந்து போய்விடும். பெரிய ஈ இல்லாத மற்ற இரண்டு குழாய்களில் தன்னெதிர்ப்பொருள் மட்டும் போய், பெரிய ஈ எதிர்ப்பொருள் பிளாஸ்மாவில் நிற்கும். மூன்று குழாய்களின் எச்சத்தை ஒப்பிட்டால் ஆளைப் பிடித்துவிடலாம். எது போனது, எது நின்றது என்பதுதான் இந்த வேலையின் உயிர். 'கவர்தல்' அதில் பாதியைக்கூடச் சொல்லவில்லை. அதோடு கவர்தல் தானாக நடக்கும் நிகழ்வு. இது கையால் செய்யும் காரியம்.

புறப்பற்று என்ற முன்மொழிவு முதலில் எனக்குப் பிடித்திருந்தது. பத்துப் பாத்திரம் என்று சொல்கிறோமே, அந்தப் பற்று மேற்பரப்பில் ஒட்டிக்கிடப்பதுதான், உள்ளே ஊறியது இல்லை. ஆனால் அகப்பற்று, புறப்பற்று இரண்டும் துறவு பேசுகிற நூல்களில் யான், எனது என்ற பிடிப்புகளுக்கு ஏற்கெனவே பெயராகிவிட்டன. சரி, பற்றியெடுத்தல் என்று மாற்றலாமா என்று பார்த்தேன். 'எதிர்ப்பொருளைப் பற்றியெடுத்தோம்' என்று எழுதினால் வாசகர் 'எதிர்ப்பொருளைக் குறித்து' என்று ஒரு நொடி தடுமாறுவார். அறிக்கையில் அந்த ஒரு நொடியும் கூடாது.

ஆகவே என் முன்மொழிவு: ஒட்டியெடுத்தல். பெயராக ஒட்டியெடுப்பு.

சட்டையில் அப்பிய நூல் துணுக்கை ஒட்டுநாடாவால் ஒற்றி இழுக்கும்போது நடப்பது இதுதான். நாடா எதையும் குடிப்பதில்லை. துணுக்கு அதன் மேல் ஒட்டுகிறது, நாடாவை எடுத்தால் துணுக்கும் போகிறது, சட்டை சுத்தமாகிறது. நமக்கு வேண்டியது சட்டை. ஒட்டுதல் ஒன்று, எடுத்தல் ஒன்று என இரண்டு செயலும் ஒரே சொல்லில் வந்துவிடுகின்றன. வாக்கியத்திலும் முரண்டு பிடிக்கவில்லை: 'கொடையாளர் செல்லைக் கொண்டு தன்னெதிர்ப்பொருளை ஒட்டியெடுத்தோம்.' நோயாளியின் செல்லால் செய்தால் தன்செல் ஒட்டியெடுப்பு, பிறர் செல்லால் செய்தால் பிறர்செல் ஒட்டியெடுப்பு. 4 டிகிரியில் செய்வது குளிர் ஒட்டியெடுப்பு.

இந்த முறையின் குறையையும் இதே சொல்லால் விளக்க முடிகிறது என்பது எனக்கு முக்கியமாகப் படுகிறது. ஏறக்குறைய எல்லா மனிதர்களிடமும் உள்ள ஓர் ஆன்டிஜெனுக்கு எதிராக நோயாளியிடம் அயல் எதிர்ப்பொருள் இருந்தால், எந்தக் கொடையாளர் செல்லைப் போட்டாலும் அதுவும் ஒட்டிக்கொண்டு போய்விடும், எச்சத்தில் தெரியாது. 'கண்டுபிடிக்க வேண்டியதையும் சேர்த்து ஒட்டியெடுத்துவிட்டோம்' என்று ஒரு வரியில் மாணவருக்குச் சொல்லிவிடலாம்.

மேலே நிற்பதற்கு ஆங்கில வழியில் போய் 'ஒட்டியெடுத்த பிளாஸ்மா' என்று எழுத வேண்டாம். ஒட்டியெடுத்தது எதிர்ப்பொருளை, பிளாஸ்மாவை அல்ல. எஞ்சிய பிளாஸ்மா என்றால் போதும். அன்றைக்கு நான் இப்படிச் சொல்லியிருந்தால் அந்தக் குழாய் கழிவுக் குவளைக்குப் போயிருக்காது.

இதன் மறுபாதியான எலூஷனுக்கு (ஒட்டிய எதிர்ப்பொருளைச் செல்லிலிருந்து பிரிப்பதற்கு), பட்டியலில் 'கழுவிப் பிரித்தல்' என்று இருக்கிறது. அதை மாற்றியே ஆக வேண்டும். செல்லைக் கழுவுவது அதற்கு முந்தைய, தனிப் படி. கழுவும்போது ஒட்டாத மிச்சம்தான் போகும். ஒட்டிய எதிர்ப்பொருள் போகக் கூடாது, போனால் சோதனையே வீண். பிறகு அமிலத்தாலோ வெப்பத்தாலோ அதைச் செல்லிலிருந்து கழற்றுகிறோம். கழற்றியெடுத்தல் என்று வைத்தால் ஒட்டியெடுத்தலோடு இணையாக நிற்கும்.

ஒரு மறுப்பு வரும் என்று எனக்கே தெரிகிறது. செல்கள் ஒன்றோடொன்று சேர்ந்து திரளும் அக்ளூட்டினேஷனுக்குச் சிலர் ஒட்டுத்திரட்சி என்று எழுதுகிறார்கள். ஒரே மேசையில் இரண்டு 'ஒட்டு' இருந்தால் குழப்பம்தான். அதற்கு என் பதில், அங்கே 'ஒட்டு' தேவையில்லை. குழாயை விளக்கு முன் மெல்ல ஆட்டும்போது கண்ணுக்குத் தெரிவது திரள்தான். திரட்சி என்று நிறுத்திக்கொண்டால் முடிந்தது.

வேதியியல் பட்டியலில் கை வைக்கச் சொல்லவில்லை. கரித்தூளுக்குப் பரப்புக் கவர்தல் அப்படியே இருக்கட்டும். குருதி வங்கிக்கு மட்டும் வேறு சொல். ஒரு சொல்லுக்கு ஒரே இணை என்ற நெறியை நானும் மதிக்கிறேன், ஆனால் இங்கே பொருளே இரண்டு.

எனக்குத் தீராத இடம் ஒன்று உண்டு. மூன்று கொடையாளர் செல்லை வைத்துப் பிரித்தறியும் முறைக்குப் 'பிரித்தறி ஒட்டியெடுப்பு' என்று எழுதிப் பார்த்தேன். வாயில் சரளமாக வரவில்லை. 'முக்குழாய் ஒட்டியெடுப்பு' என்றால் சொல்ல எளிது, ஆனால் சில நேரம் இரண்டு குழாயோடு முடித்துக்கொள்கிறோம். இதற்கு யாராவது ஒரு சொல் கொடுங்கள்.